எனிக்கு என்றொரு சொல்

1

முதலிலேயே ஒப்புக்கொண்டுவிடுகிறேன். இந்தக் கதை ஒரு பொய்யிலிருந்து வந்தது. பக்கவாதத்தில் பேச்சிழந்தவர்களுக்குப் பேச்சுப் பயிற்சி கொடுப்பது என் வேலை. ஒருநாள் பயிற்சி மாணவிகளுக்கு எங்கள் துறையின் பழைய சரித்திரத்தைச் சொல்லிக்கொண்டிருந்தேன். இரண்டு மொழி தெரிந்த ஒருவருக்கு மூளையில் அடி விழுந்தால் எந்த மொழி முதலில் திரும்பும்? முதலில் கற்றது என்றார் அந்தக் காலத்து மருத்துவர் ஒருவர். அதிகம் புழங்கியது என்றார் இன்னொருவர். மனசு ஒட்டியிருக்கிற மொழி என்றார் பின்னால் வந்த மூன்றாமவர்.

"மூணுக்கும் அடங்காத ஆளு உண்டுமா டீச்சர்?" என்றாள் ஒருத்தி.

"உண்டு. நம்ம பாறசாலைப் பக்கத்துல" என்றேன். வாய் முந்திவிட்டது. அந்தப் பொய்க்கு ஓர் ஆளைத் தேடித்தான் எழுத உட்கார்ந்தேன்.

2

தொடக்கம் ஒன்று: "1955ஆம் ஆண்டு, எல்லைப் போராட்டம் கொதித்துக்கொண்டிருந்த நாட்களில், நெய்யாற்றின்கரைத் தாலுகாவின்…" வேண்டாம். பரீட்சை விடைத்தாள் மாதிரி இருக்கிறது.

தொடக்கம் இரண்டு: "சுந்தரதாஸின் வலது கையிலிருந்து கத்தரிக்கோல் நழுவி விழுந்தது." இது பரவாயில்லை. சுந்தரதாஸ் நெய்யாற்றின்கரைத் தாலுகாவில், உதியன்குளங்கரையில் தையல்காரர். தமிழ்த் தாலுகாக்கள் தமிழ்நாட்டோடு சேர வேண்டும் என்று போகும் ஊர்வலங்களில் கோஷத்தை எடுத்துக் கொடுக்கிற குரல் அவருடையது. மனைவி ஓமனா நெய்யாற்றின்கரையில் மலையாளம் பேசுகிற வீட்டுப் பெண். போராட்டத்தில் இறங்கிய அன்று அவர் சொன்னார்: "இனி இந்த வீட்டுல தமிழு மட்டும்தான் ஆக்கும், கேட்டியா?"

கேட்டாள். ஏழு வருஷம், சொந்த அம்மா பார்க்க வந்தாலும் தமிழில்தான் பேசினாள். அவரும் அதற்குப்பின் அவளைப் பெயர் சொல்லிக் கூப்பிட்டதில்லை. எல்லாம் 'கேட்டியா'தான்.

(இந்த இடத்தில் எனக்கு இவரைப் பிடிக்காமல் போய், தாளைக் கிழிக்கப் பார்த்தேன். ஆனால் பிடித்த நோயாளிக்குத்தான் பயிற்சி என்றால் என் பிழைப்பு நடக்காது.)

3

கத்தரிக்கோல் விழுந்தபின் பதினோரு நாள் அவருக்குப் பேச்சில்லை. மூளையில் ரத்தம் கட்டியிருக்கிறது என்றார் டாக்டர். வைத்தியர் தைலம் கொடுத்தார். சபையில் ஜெபித்தார்கள். இவருக்கு எத்தனை மொழி தெரியும் என்று யாரும் கேட்கவில்லை. அப்போது அது கேட்கவேண்டிய கேள்வியாக யாருக்கும் தோன்றவில்லை. ஓமனா அவரைத் துடைத்தாள், மணிக்கொருதரம் புரட்டிப் படுக்கவைத்தாள், புரையேறாமலிருக்க நிமிர்த்தி உட்காரவைத்து, கஞ்சியை இடது கடைவாயில் கொடுத்தாள். வலது பக்கம் உணர்ச்சி இல்லை என்பதை அவளே கண்டுபிடித்திருந்தாள். இன்றைக்கு நான் அதைத்தான் படம் போட்டுச் சொல்லிக்கொடுக்கிறேன்.

பன்னிரண்டாம் நாள், "வெள்ளம்" என்றார். எல்லோருக்கும் சந்தோஷம். (எங்கள் பக்கம் தமிழிலும் தண்ணீருக்கு வெள்ளம்தான்.) மறுநாள், "எனிக்கு வெள்ளம்" என்றார்.

"நாக்கு கொழறுது, பாவம். எனக்குன்னு சொல்ல வரல்ல" என்றார் யோசுவா. பக்கத்து வீட்டுக்காரர், போராட்டத் தோழர், சுந்தரதாஸைவிடப் பத்து வயது மூத்தவர்.

அது குழறல் இல்லையென்று ஓமனாவுக்குத் தெரிந்துவிட்டது. 'எனக்கு' இல்லை, 'எனிக்கு'. அவளுடைய அம்மா வீட்டுச் சொல். அன்று சாயங்காலம் அவள் அடுக்களையில் நிற்கும்போது கட்டிலிலிருந்து தெளிவாகக் கேட்டது: "ஓமனே, நீ எவிடெயா?"

கல்யாணமான புதிதில் அவர் பேசிய மலையாளம். சந்தையில் எல்லோரும் பேசுகிற மலையாளம் வேறு. இது அவளிடம் மட்டும் பேசியது. ஓமனா பாத்திரத்தைக் கீழே வைத்துவிட்டு அழுதாள். பிறகு கண்ணைத் துடைத்துக்கொண்டு, "இஞ்ச தான் நிக்கேன்" என்று தமிழில் பதில் சொன்னாள். கட்டளை போட்டவருக்கே அந்த மொழி போய்விட்டது. கட்டளை மட்டும் அப்படியே இருந்தது.

(ஏன் தமிழ் போய் இது மிஞ்சியது? எனக்குத் தெரியாது. மூன்றாம் மருத்துவர் சொன்னதே சரியோ என்னவோ. அப்படியானால் மாணவியிடம் நான் சொன்னது இரட்டைப் பொய்: ஆளும் இல்லை, மூன்றுக்கும் அடங்காதவரும் இல்லை.)

4

அக்டோபரில், மாநில எல்லைகளைப் பிரிக்கப் போட்ட கமிஷனின் அறிக்கை வெளியானது. தெற்கே நாலு தாலுகா தமிழ்நாட்டுக்கு. இவர்களுடைய நெய்யாற்றின்கரை அதில் இல்லை. யோசுவாவும் இன்னும் இரண்டு தோழர்களும் சுந்தரதாஸைப் பார்க்க வந்தார்கள். ஓமனா வாசலிலேயே நின்றாள்.

"அவருக்குப் பேச்சு வராது. இன்னொரு நாளு வாருங்க."

"பேச வேண்டாம் மக்கா. அவன் மொகத்தப் பாத்துட்டுப் போறோம். எங்களுக்கு வேற எங்க போய் அழச் சொல்லுத?"

அதற்குமேல் எப்படித் தடுப்பாள்? இன்றைக்கென்று அவர் வாயிலிருந்து ஒரு மலையாளச் சொல் வந்தால், நாளைக்குச் சந்தையில் சுந்தரதாஸ் கட்சி மாறிவிட்டான் என்பார்கள். இல்லை என்று சொல்ல அவருக்கு நாக்கு இல்லை. அவள் விலகிக் கதவோரம் நின்றாள்.

முடிவு ஒன்று: சுந்தரதாஸ் பழைய கோஷத்தைத் தமிழில் முழங்குகிறார். (பேச்சு போனவர்களுக்கும் பாட்டும் வசவும் கோஷமும் மிஞ்சுவதுண்டு. ஆனாலும் வேண்டாம். கைதட்டலுக்கு எழுதியதுபோல் இருக்கிறது.)

முடிவு இரண்டு: அவர் மலையாளத்தில் பேசிவிடுகிறார். யோசுவா எழுந்து தோள் துண்டை உதறி… இல்லை. யோசுவா அப்படிப்பட்டவர் இல்லை.

5

கடைசியில் எழுதியது இது. சுந்தரதாஸ் மூன்று தோழர்களையும் ஓமனாவையும் பார்த்தார். உதடு கோணியது. சொன்னார்: "வா."

யோசுவா அவருடைய இடது கையைப் பிடித்துக்கொண்டார். "கேட்டியளா, தமிழு போகல்ல! நம்மள வான்னு கூப்பிடுகான்!" மூன்று பேரும் அழுதார்கள்.

ஓமனாவுக்குத்தான் தெரியும். மூன்று பேரை அவர் வா என்று ஒருமையில் கூப்பிட மாட்டார். மூத்தவரான யோசுவாவை ஒருநாளும் அப்படி அழைத்ததில்லை. அது ஒரே ஒருத்திக்கு. தமிழா, மலையாளமா? இரண்டிலும் அது ஒரே சொல். அவர் கண் கதவோரம் நின்ற அவளிடமே இருந்தது. அதைக் கண்டு தோழர்களும் அவள் பக்கம் திரும்பினார்கள்.

இப்போது அவள் பதில் சொல்ல வேண்டும். தமிழில் 'வாறேன்' என்றால் அவருக்கு ஊரில் ஒரு குறையும் வராது. மலையாளத்தில் 'வராம்' என்றால் அவர் அந்த மொழியில் தனியாக இருக்கமாட்டார். இரண்டையும் எழுதிப் பார்த்தேன், இரண்டையும் அடித்தேன்.

அவள் எந்த மொழியில் பேசலாம் என்று ஏழு வருஷம் இன்னொருவர் முடிவுசெய்தார். எட்டாவது வருஷம் அதை நான் செய்யமாட்டேன். நீங்களும் செய்யாதீர்கள். சற்று நகர்ந்து அவளுக்கு வழிவிடுங்கள், போதும்.

ஓமனா கட்டிலருகே வந்து அவர் இடது பக்கம் உட்கார்ந்தாள். வாயைத் திறந்தாள்.