பஞ்சு வைக்காத நாள்

இன்றைக்கு என் மூக்கில் யாரும் பஞ்சு வைக்கமாட்டார்கள்.

ஒப்பனைக்காரப் பெண் முகத்தில் மாவு ஒற்றிக்கொண்டிருந்தபோது உமையாளின் மனதில் அது மட்டும்தான் ஓடியது. வாய்விட்டுச் சொன்னால் கைநழுவிப் போய்விடும் என்பதுபோல உதட்டை இறுக்கிக்கொண்டாள்.

தொலைக்காட்சி நாடகங்களில் அவள் அம்மாவாக வருவாள், அத்தையாக வருவாள். எப்படி வந்தாலும் பாதியில் செத்துப்போவாள். லோரி மோதி, நெஞ்சுவலி வந்து, மகன் சொன்ன ஒரு சொல் தாங்காமல். பாடாங் செராய் பாசாரில் மீன்கார நூர்தீன் அவளைக் கண்டாலே ஆரம்பித்துவிடுவார்.

"வாங்கக்கா! போன வாரம்தானே உங்கள எடுத்தாங்க? அதுக்குள்ள கோலா மூடாவுல புடிச்ச எறா கேக்குதா?"

"மேல எறா நல்லால்ல பாய். அதான் எறங்கி வந்தேன்."

சிரித்துவிட்டு வீட்டுக்கு வந்த பிறகு யோசிப்பாள். பிணமாகக் கிடப்பது தனக்கு மட்டும் ஏன் இவ்வளவு சுலபமாக வருகிறது? மற்றவர்களுக்கு வயிறு ஏறி இறங்கும், இமை துடிக்கும். அவள் கல்யாணமான புதிதிலேயே பழகிவிட்டாள். கணவரின் குரல் உயரும்போதெல்லாம் சுவரோரமாகப் படுத்து, மூச்சு விடுவதே தெரியாமல் கிடப்பாள். அவர் போய்ச் சேர்ந்து வெகுகாலமாகியும் அந்த மூச்சு உள்ளேயே தங்கிவிட்டது. இயக்குநர்கள் அதைத் திறமை என்றார்கள். அவளும் நம்பினாள்.

இப்போது எடுக்கும் இந்தக் கதையில்தான் கடைசிவரை உயிரோடு இருக்கிறாள். செம்பனைத் தோட்டத்தில் உதிரிப்பழம் பொறுக்கும் நவமணி. கடைசிக் காட்சியில் மோட்டார் சைக்கிளை எடுத்துக்கொண்டு தோட்டத்தை விட்டே போகிறாள். அதற்காக உமையாள் இந்த வயதில் மோட்டார் ஓட்டப் பழகினாள். கால்வாயில் விழுந்து முழங்கை தேய்ந்தது. ஒருநாள் விழாமல் செம்மண் சாலையின் கோடிவரை போய்த் திரும்பியபோது, தன்னை அறியாமல் "ஊய்!" என்று கூவிவிட்டாள். நெஞ்சுக்குள் அவ்வளவு காற்று இருந்தது அவளுக்கே தெரியாது.

ஒப்பனை முடிந்து வெளியே வந்தாள். தயாரிப்பு நிர்வாகி திலகா மரத்தடியில் நின்றிருந்தாள். கையில் பணம் வைத்த சிவப்பு அங்பாவ் உறை, அதன்மேல் ஓர் எலுமிச்சம்பழம். உமையாளைக் கண்டதும் கையைப் பின்னால் மறைத்துக்கொண்டாள்.

உமையாளுக்கு அதுவே போதுமாக இருந்தது. அந்தக் குழுவில் பிணமாக நடிப்பவருக்குத்தான் அங்பாவ் கொடுப்பார்கள், பீடை ஒட்டாமல் இருக்க. பழைய சீன ஒளிப்பதிவாளர் ஒருவர் விட்டுப்போன வழக்கம். எலுமிச்சம்பழம் தமிழர்கள் சேர்த்துக்கொண்டது.

அவள் மூச்சு தானாக நின்றது.

இயக்குநர் ஹேமநாதன் தலையைச் சொறிந்துகொண்டே வந்தான். "அக்கா, முடிவ நேத்துதான் மாத்துனோம். நவமணி மோட்டர்ல போறா, லோரி அடிச்சிருது. மக ஓடியாந்து கதறுறா. ஸ்பான்சருக்கு ரொம்பப் புடிச்சிருச்சு. உங்கள மாதிரி சாகறதுக்கு இந்த நாட்டுல ஆளே இல்லலா!"

"ஒரே ஷாட்தான்க்கா," என்றாள் திலகா. "படுத்தாப் போதும்."

படுத்தால் போதும். உடம்பு அதற்குள் தயாராகிவிட்டிருந்தது. தோள் தளர்ந்தது, கண் தாழ்ந்தது. இன்னும் கொஞ்சம் விட்டால் கால்களே நடந்துபோய் அவளைச் சாலையில் கிடத்திவிடும். உமையாள் தன் உடம்பை யாரோ ஒருத்தியைப் பார்ப்பதுபோலப் பார்த்தாள். பாவமாக இருந்தது. அடக்கியிருந்த மூச்சை மெதுவாக விட்டாள்.

திலகாவிடம் கையை நீட்டினாள். திலகா நிம்மதியோடு உறையை நீட்ட, உமையாள் எலுமிச்சம்பழத்தை மட்டும் எடுத்துக்கொண்டாள். புது வண்டிக்குச் செய்வதுபோல அதை, காட்சிக்காக நிறுத்தியிருந்த மோட்டாரின் முன்சக்கரத்தடியில் வைத்தாள். தலைக்கவசத்தை மாட்டினாள்.

"அக்கா, என்ன இது? மாட்டேன்னா அடுத்த கதைக்கு உங்கள எப்படிக் கூப்பிடறது?" என்றான் ஹேமநாதன்.

"கூப்பிடாட்டிப் போகுது. மொதல்ல எழுதுனபடி நவமணி போறா. வேணும்னா அத எடுத்துக்குங்க." கழுத்துப் பட்டையைப் பூட்டினாள். குரல் கொஞ்சமும் உயரவில்லை. "நான் படுக்கல, தம்பி."