வாப்பாவின் கதையில் வரும் தோட்டக்காரி

தன் கட்டுரையை வெட்டச் சொல்லி வாப்பாவே வந்து நிற்பார் என்று ஸுலைஹா எதிர்பார்க்கவில்லை.

அது எழுபத்தைந்தாம் ஆண்டு. பதுளைக் கடைத்தெருவில் ஜுனைதீன் முதலாளியின் புடவைக்கடையைத் தெரியாதவர் இல்லை. அவர் கதை எழுதுவார் என்பதும் தெரியாதவர் இல்லை; தெரியாமல் இருக்க அவர் விடமாட்டார். மகள் ஸுலைஹா பெண்கள் பாடசாலையில் ஆசிரியை. பேராதனைப் பல்கலைக்கழக வளாகத்தில் முதுமாணிப் பட்டத்துக்காக மலைநாட்டுக் கதைகளை ஆராய்ந்துகொண்டிருந்தாள். ஒரு சமூகத்தார் கதை எழுதும்போது அடுத்த சமூகத்தாரை எப்படிக் காட்டுகிறார்கள் என்பதே அவள் ஆராய்ச்சி.

முதல் அத்தியாயத்தில் தேயிலைத் தோட்டத்து எழுத்தாளர்களை ஒரு பிடி பிடித்திருந்தாள். அவர்கள் கதைகளில் வரும் முஸ்லிம் வியாபாரி ஒருத்தனாவது ஒழுங்காகத் துணி அளந்திருக்கிறானா? அளவில் கைவைப்பான், பல்லைக் காட்டுவான், கதை முடிவதற்குள் ஓர் ஏழையை அழவைத்துவிடுவான். தெமோதரைத் தோட்டப் பாடசாலைப் பிலிப்பு மாஸ்டரின் கதைக்குத்தான் நல்ல அடி. அந்த அத்தியாயம் சஞ்சிகையில் வந்தபோது கடைத்தெருவே குளிர்ந்துபோனது. வாப்பா சஞ்சிகையைக் கட்டுக்கட்டாக வாங்கி, புடவை வாங்க வந்தவர்களுக்கெல்லாம் பார்சலோடு சேர்த்துக் கொடுத்தார்.

இரண்டாம் அத்தியாயம், முஸ்லிம்கள் எழுதிய கதைகளில் வரும் தோட்டத்து மக்களைப் பற்றியது. அதை நகர மண்டபத்தில் வாசிக்க ஏற்பாடாகியிருந்தது. கூட்டத்துக்குத் தலைவர் வேறு யார், வாப்பாதான். முதல்நாள் பின்னேரம் தட்டெழுத்துப் பிரதியைப் புரட்டியவரின் கண்ணில் தன் பெயர் பட்டுவிட்டது.

"எண்ட கதையையுமா?"

"ஓம் வாப்பா."

அது பரிசு வாங்கிய கதை. மகளின் கலியாணத்துக்குச் சேலை எடுக்க வழியில்லாத ஒரு தோட்டத்துப் பெண்ணுக்கு முதலாளி ஒருவர் இரக்கப்பட்டுச் சேலை கொடுக்கிறார். அவள் அவர் காலில் விழுந்து அழுகிறாள். கதை முழுக்க அழுவதைத் தவிர அவளுக்கு வேறு வேலை இல்லை. பெயரும் இல்லை. தோட்டக்காரி, அவ்வளவுதான். கடைப் பூனைக்கு மட்டும் சுல்தான் என்று பெயர் இருக்கிறது.

இதைத்தான் ஸுலைஹா எழுதியிருந்தாள். அந்தத் தோட்டக்காரி யார் என்பதையும் எழுதியிருந்தாள். சம்பளச் சனிக்கிழமைகளில் தெமோதரைத் தோட்டத்திலிருந்து கடைக்கு வரும் இராக்கம்மா. அவளா காலில் விழுவாள்! வாப்பா அளந்து கொடுத்த சீத்தைத் துணியைத் தன் கையால் இன்னொரு தடவை முழம்போட்டுப் பார்க்காமல் படி இறங்கமாட்டாள்.

"சாயம் போச்சுன்னா கொண்டாந்து மேசையிலயே வீசுவேன் மொதலாளி, பாத்துக்கங்க" என்பாள்.

"சாயம் போனாலும் ஒண்ட வாய் போகாது இராக்கம்மா" என்று வாப்பாவும் விடமாட்டார்.

அப்படி வாய்நிறையக் கூப்பிட்ட பெயர், பேனாவைத் திறந்ததும் எங்கே போயிற்று என்பதுதான் கட்டுரையின் கேள்வி.

"அந்தப் பக்கங்கள எடுத்துரு மகள்" என்றார் வாப்பா. "நான் தலைவரா மேடையில ஈக்கிற. எண்ட மரியாத என்னாகிற?"

"எடுக்க ஏலா வாப்பா. பிலிப்பு மாஸ்டர நான் கிழிச்சப்போ நீங்க கைதட்டினீங்க. நாளைக்கு அவரும் முன்வரிசையில ஈப்பார். உங்கட கதைய மட்டும் விட்டுட்டு வாசிச்சா, நான் ஆராய்ச்சிக்காரி இல்ல, கடைக்கு ஆள் பிடிக்கிறவ."

வாப்பா தேத்தண்ணியைத் தொடாமல் எழுந்து போனார். குமர்ப்பிள்ளையைப் பேராதனைக்கு அனுப்புவதா என்று ஊரே வாயில் கைவைத்தபோது, துணிந்து அனுப்பிய மனுஷன் அவர். அவரை ஊருக்கு முன்னால் நோகடிக்கப் போகிறோமே என்று ஸுலைஹாவுக்கு அழுகை வந்தது. அழுது முடித்துவிட்டு, அதே பக்கங்களை எடுத்து உரக்க வாசித்துப் பழகினாள்.

மறுநாள் மண்டபம் நிறைந்திருந்தது. அவள் வாசிக்கையில் பூனை வந்த இடத்தில் யாரோ சிரித்து, வாப்பாவின் முகத்தைப் பார்த்ததும் அடக்கிக்கொண்டார்கள். இரும்புக்கடை ஷுக்ரி எழுந்தார்.

"பெத்த வாப்பாவ மேடையில வெச்சிக்கிட்டுப் பேசுற பேச்சா இது?"

"அடுத்தவங்கட கதையெண்டா கிழிக்கலாம், எங்கட கதையெண்டா ஏலாதா, ஷுக்ரி நானா?" என்று அண்ணன் முறை சொல்லியே கேட்டாள் ஸுலைஹா. விட்ட இடத்திலிருந்து கடைசி வரி வரைக்கும் வாசித்தாள். பிலிப்பு மாஸ்டர் கைகளைக் கட்டியபடி அசையாமல் கேட்டுக்கொண்டிருந்தார்.

தலைவர் உரைக்கு வாப்பா எழுந்தார்.

"மகள் சொன்னது சரி. எண்ட கதையில அவளுக்குப் பேரில்ல. மகள்ட கட்டுரையில பேர் ஈக்கி. நல்லம்." பிறகு அவள் பக்கம் திரும்பினார். "இந்தக் கதையப் பத்தி இராக்கம்மா என்ன சொன்னா? நீ அவக்கிட்டக் கேட்டியா?"

ஸுலைஹா கேட்கவில்லை. கேட்க வேண்டும் என்று தோன்றவும் இல்லை. இராக்கம்மாவைப் பற்றி வாப்பா எழுதினார், வாப்பா எழுதியதைப் பற்றி மகள் எழுதினாள். இரண்டிலும் அந்த மனுஷியிடம் யாரும் ஒரு வார்த்தை கேட்கவில்லை. வெட்கத்தில் காதெல்லாம் சுட்டது. வாப்பா வேண்டுமென்றே குத்துகிறார் என்று கோபம் வந்தது. குத்து சரியான இடத்தில் விழுந்ததுதான் அதைவிடக் கோபம்.

"கேக்கல்ல" என்றாள் மைக்கிலேயே. "அது எண்ட பிழை. அதுக்காக எழுதினதில ஒரு வரியும் எடுக்கமாட்டேன். கேட்டு, இன்னும் எழுதுவேன்."

ஞாயிற்றுக்கிழமை காலை தெமோதரை பஸ்ஸில் ஏறி உட்கார்ந்தாள். கைப்பையில் வாப்பாவின் கதையும் அவள் கட்டுரையும் இருந்தன. தோட்டத்து லயத்து வீட்டுக்குப் போய் இரண்டையும் இராக்கம்மாவுக்கு வாசித்துக் காட்டுவது, அவள் என்ன சொன்னாலும் சொன்னபடியே எழுதுவது என்று முடிவுசெய்திருந்தாள். பஸ் புறப்படப் பார்த்த நேரத்தில் வாப்பா மூச்சிரைக்க ஏறி வந்து பக்கத்தில் உட்கார்ந்தார். கூட்டம் முடிந்ததிலிருந்து அவளோடு முகம் கொடுத்துப் பேசாத மனுஷன்.

"நீங்க எங்க வாப்பா?"

"அவ என்னத் திட்டுறதையும் நீ எழுதித்தான் நான் வாசிக்கோணுமா?" என்றார் வாப்பா. "நானே கேக்கிறேன்."