ஆறு பெட்டிகளில் ஒரு வாக்குமூலம்

ஒரு பத்திரிகை அவரை ‘தேசத்தின் மனசாட்சி’ என்று எப்போதோ ஒருமுறை அச்சிட்டது. அச்சிட்டவர்கள் மறந்துவிட்டார்கள், அவர் மறக்கவில்லை. மச்சினன் மட்டும் வீட்டில் ‘மனசாட்சி மாமா’ என்று கூப்பிட ஆரம்பித்தான். கிண்டல் என்று தெரிந்தாலும் காதுக்கு இனிப்பாகத்தான் இருந்தது. நாமும் மனசாட்சியார் என்றே வைத்துக்கொள்வோம்.

கல்லூரியில் அரசியல் பாடம் நடத்தி, அங்கே சம்பளத்தைத் தவிர எதுவும் கிடைக்காது என்று தெரிந்து, கட்டுரைக்கு வந்து, கட்டுரையிலிருந்து மேடைக்கும் மேடையிலிருந்து தொலைக்காட்சிக்கும் ஏறியவர். எங்கே யார் குரல்வளை நெரிபட்டாலும் முதலில் கத்துவது அவர்தான். இதைக் குறை சொல்ல முடியாது. அவர் கத்தியதால் வெளியே வந்த ஆட்கள் உண்டு. ஒரே ஒரு பழக்கம். எதிராளியை ஓங்கி அடிப்பதற்கு முன்னால் அவனுக்கு ஒரு வாய் தண்ணீர் கொடுப்பார். ‘அவர்கள் சொல்வதிலும் ஒரு நியாயம் இருக்கிறது’ என்று ஆரம்பிப்பார். தொலைக்காட்சிக்காரர்கள் இதற்கு நடுநிலை என்று பெயர் வைத்து, தினமும் வண்டி அனுப்பினார்கள்.

நடைபாதை வியாபாரிகளை விரட்டியதைக் கண்டித்து நகராட்சி வாசலில் உட்கார்ந்த அன்றைக்கும் வண்டி வந்தது. எந்தப் போராட்டத்தில் உட்கார்ந்திருந்தாரோ அந்தப் போராட்டத்தைப் பற்றியே விவாதம். போகாமல் இருக்க முடியுமா? அவர் கையில் ஓர் அட்டை இருந்தது. ‘சட்டம் தூங்குகிறது, தட்டாதே, எட்டி உதை.’ முந்தின நாள் தானே யோசித்து, தானே பெரிய எழுத்தில் எழுதி, தானே எட்டி நின்று ரசித்த வாசகம். வைக்க இடமில்லை. அந்த நேரம் பார்த்து மச்சினன் வந்தான். குளிர்சாதனப் பெட்டி பழுது பார்ப்பவன். போராட்டத்துக்கும் அவனுக்கும் ஒட்டும் இல்லை உறவும் இல்லை. அக்கா கொடுத்தனுப்பிய ரத்த அழுத்த மாத்திரையைக் கொடுத்துவிட்டுப் போக வந்தவன்.

“குடுங்க மாமா, நான் பிடிச்சுக்கறேன். நீங்க போய் நாட்டைத் திருத்திட்டு வாங்க.”

அவர் ஏறிப் போன அரை மணியில் போலீஸ் வந்து எல்லோரையும் அள்ளியது. மற்றவர்களைச் சாயங்காலமே விட்டுவிட்டார்கள். அட்டை பிடித்தவன்மேல் மட்டும் வன்முறையைத் தூண்டியதாக வழக்கு. அதே நேரம் அரங்கத்தில், நெறியாளர் மச்சினனின் படத்தைத் திரையில் காட்டி, உதைக்கச் சொல்வதுதான் உங்கள் ஜனநாயகமா என்று கேட்டார். மனசாட்சியாருக்கு வாய் பழக்கத்தில் போனது. அது முதிர்ச்சியற்ற வாசகம், எழுதியவர் யோசித்திருக்க வேண்டும், அதில் மாற்றுக் கருத்து இல்லை என்று ஒரு வாய் தண்ணீர் கொடுத்தார். கொடுத்துவிட்டு அடிக்கக் கை ஓங்கினார். நெறியாளர் விளம்பர இடைவேளைக்குப் போய்விட்டார்.

எட்டு நாளாக மச்சினன் சிறையில் இருந்தான். அவன் வழக்கைப் பார்க்கும் வக்கீலம்மா விஷயத்தை உடைத்துச் சொன்னார். அட்டை யாருடையது, வாசகம் யாருடையது என்று எழுதியவர் முன்வந்து சொன்னால் பையன் வெளியே வந்துவிடுவான். சொல்லாவிட்டால் மாதக்கணக்கில் இழுக்கும். மனைவி அவரைப் பார்த்தாள். அவர் கூரையைப் பார்த்தார். தான் உள்ளே போய்விட்டால் வெளியே குரல் கொடுக்க யார் இருக்கிறார்கள் என்று விளக்கினார். வெளியே ஒரு மனசாட்சி இருப்பது உள்ளே இருப்பவர்களுக்கே பலம் என்றார். அவள் தட்டில் சோற்றைப் போட்டு அவர் முன்னால் வைத்துவிட்டுப் போனாள். குழம்பு ஊற்றவில்லை.

இரண்டு நாள் வெறும் சோறு. மூன்றாம் நாள், இன்று இரவு எட்டு மணி விவாதத்தில் சொல்லிவிடுகிறேன் என்றார். கோடிப் பேர் பார்க்கும்போது சொன்னால்தான் மரியாதை என்றார். கண்ணாடி முன் நின்று ஒத்திகைகூடப் பார்த்தார். ‘அந்த வாசகம் என்னுடையது.’ மூன்றே சொல். பல் தேய்க்கும்போது நன்றாகத்தான் வந்தது.

அரங்கத்தில் வரவில்லை. திரையில் ஆறு பெட்டி, ஒவ்வொன்றிலும் ஒரு தலை. அன்றைய தலைப்பு வேறு ஏதோ. முதல் சுற்றில் சொல்ல நினைத்தார். நெறியாளர் கவனமாகக் கேட்டுக்கொண்டிருந்தார். இரண்டாம் சுற்றிலும் அவர் பேசும்போது பாழாய்ப்போன அமைதி. கடைசிச் சுற்றில்தான் சந்தைக்கடை கூடியது. ஆளும் கட்சிக்காரர் எதிர்க்கட்சிக்காரரைத் துரோகி என்றார். ஓய்வுபெற்ற அதிகாரி இருவரையும் அப்படியே சொன்னார். எல்லா வாயும் ஒரே நேரத்தில் திறந்தது. அந்தப் புண்ணிய நேரத்தில் மனசாட்சியார் கேமராவை நேராகப் பார்த்து, அந்த வாசகம் என்னுடையது, என் மச்சினன் நிரபராதி என்று சொல்லி முடித்தார். நெஞ்சிலிருந்து ஒரு பாறை இறங்கியது போல இருந்தது. நெறியாளர் நன்றி சொல்லி நிகழ்ச்சியை முடித்தார்.

வீட்டில் மனைவி தொலைக்காட்சியை அணைத்துவிட்டு அதன் எதிரிலேயே உட்கார்ந்திருந்தாள்.

“சொல்லிட்டேன்” என்றார்.

“பாத்தேன். வாய் அசைஞ்சுது.”

“அது... எல்லாரும் கத்தினா நான் என்ன பண்றது?”

“ஒண்ணும் பண்ண வேண்டாம். காலையில ஸ்டேஷனுக்குப் போவோம். அங்க ஒருத்தர் பேசினா இன்னொருத்தர் கத்த மாட்டாங்க.”

மறுநாள் காலை ஸ்டேஷனில் இன்ஸ்பெக்டர் எழுந்து நின்று வரவேற்றார். நாற்காலி வந்தது, டீ வந்தது, ஒரு காவலர் கூட நின்று படம் எடுத்துக்கொண்டார். மனசாட்சியார் தொண்டையைச் செருமி, ஒரு ஜனநாயக சமூகத்தில் பேச்சுரிமை என்பது என்று தொடங்கினார். யாரும் குறுக்கே பேசவில்லை. இன்ஸ்பெக்டர் கன்னத்தில் கை வைத்துக் கேட்டார். காவலர்களும் கேட்டார்கள். குறுக்கே பேச ஆளில்லாமல் அவர் வாக்கியம் வாக்கியமாக நொண்டி, கடைசியில் வேறு வழியில்லாமல் விஷயத்துக்கே வந்து சேர்ந்தார்.

இன்ஸ்பெக்டர் சிரித்தார். “உங்க பெருந்தன்மை புரியுது சார். மச்சினனைக் காப்பாத்தணும்னு பழியைத் தலையில போட்டுக்கறீங்க. நல்ல மனசு. ஆனா நாங்க ஏமாற முடியுமா?” செல்போனை எடுத்து அந்த நாள் விவாதத்தை ஓடவிட்டார். முதிர்ச்சியற்ற வாசகம், எழுதியவர் யோசித்திருக்க வேண்டும் என்று மனசாட்சியார் மனசாட்சியாருக்கே எடுத்துச் சொன்னார். “கேஸ்ல இதையும் சேத்திருக்கோம் சார். உங்களை மாதிரி பெரியவங்களே கண்டிச்சிருக்கீங்கன்னு.”

அவர் மனைவியைப் பார்த்தார். அவள் தம்பிக்காகக் கொண்டுவந்த சட்டையை மடியில் வைத்து, ஏற்கெனவே மடித்திருந்ததை மறுபடி மடித்துக்கொண்டிருந்தாள்.

“அன்னைக்கு நான் பொய் சொன்னேன்” என்றார். சத்தம் வரவில்லை. மறுபடி சொன்னார்.

“டிவியிலயா?” என்றார் இன்ஸ்பெக்டர்.

“ஆமா.”

இன்ஸ்பெக்டரின் முகத்தில் சிரிப்பு கொஞ்சம் கொஞ்சமாகக் கரைந்தது. வெள்ளைத்தாளை நகர்த்தி, எழுதிக் கொடுக்கச் சொன்னார். மனசாட்சியார் எழுத உட்கார்ந்தார். தாள்கள் நிறைந்தன. காலச்சூழல் வந்தது, ஊடகங்களின் நெருக்கடி வந்தது, வரலாறு வந்தது. மனைவி எழுந்து வந்து, நின்றபடியே படித்து, அத்தனையையும் நாலாக மடித்துத் தன் பைக்குள் போட்டுக்கொண்டாள். புதுத்தாள் ஒன்றை அவர் முன்னால் வைத்தாள்.

“கட்டுரை வேண்டாங்க.”

இரண்டே வரி எழுதினார். வாசகம் என்னுடையது. தொலைக்காட்சியில் சொன்னது பொய். கையெழுத்துப் போடும்போது பேனா கொஞ்சம் நின்றது. நாளைக்கு இதை ஆறு பெட்டியிலும் வைத்துக் கிழிப்பார்கள் என்பது அவருக்குத் தெரிந்தது. என்ன சொல்லிக் கிழிப்பார்கள் என்பதும் வரி வரியாகத் தெரிந்தது. போட்டார்.

இன்ஸ்பெக்டர் படித்தார். பிறகு, குரலில் ‘சார்’ இல்லாமல், அங்கே போய் உட்காருங்கள் என்று சுவரோரப் பெஞ்சைக் காட்டினார்.

“என் தம்பி எப்ப வெளிய வருவான்?” என்று மனைவி கேட்டாள்.

கோர்ட்டில் கொடுத்தபிறகு இரண்டொரு நாள் ஆகலாம் என்றார். எந்தக் கோர்ட், எத்தனை மணிக்கு, வக்கீல் வர வேண்டுமா என்று அவள் ஒவ்வொன்றாகக் கேட்டுத் தெரிந்துகொண்டாள். கணவருக்கு என்ன ஆகும் என்று மட்டும் கேட்கவில்லை. கேட்பாள் என்று அவர் காத்திருந்தார். பெஞ்சில் முன்பே உட்கார்ந்திருந்த யாரோ ஒரு திருட்டு வழக்குக்காரன், அவரை யாரென்று தெரியாமல், கொஞ்சம் நகர்ந்து இடம் கொடுத்தான்.