சாம்பல் காருக்குப் பகல் விளக்கு

திங்கட்கிழமை காலை எட்டே முக்கால் மணி. பெட்ரோல் பங்க்கை ஒட்டிய முச்சந்தியில், சந்துக்குள்ளிருந்து ஒரு பச்சைக் கார் விருட்டென்று வெளியே வந்தது. சாம்பல் நிறக் காரை ஓட்டி வந்த கண்ணாடிக்காரர் பிரேக்கை மிதித்த வேகத்தில் அவருடைய மூக்குக் கண்ணாடி நழுவி மடியில் விழுந்தது. பின் சீட்டில் காலை நீட்டி உட்கார்ந்திருந்த அவருடைய அக்கா, முன் சீட்டின் முதுகில் போய் மோதி, "ஐயோ!" என்றாள்.

இரண்டு கார்களுக்கும் நடுவே ஒரு ஆள் பக்கவாட்டில் நுழையும் அளவுக்குத்தான் இடம் இருந்தது.

"கண்ணு என்ன பிடரியிலயா இருக்கு?" என்று கத்திக்கொண்டே இறங்கினார் கண்ணாடிக்காரர்.

பச்சைக் காரின் ஆள் தலையை வெளியே நீட்டினார். "சத்தியமா பாக்கலைங்க சார். ரெண்டு பக்கமும் பாத்துட்டுத்தான் வந்தேன். ரோடு காலியாத்தான் தெரிஞ்சுது."

"இவ்வளவு பெரிய கார் தெரியலையா? இந்த வாரமே கடைக்கு வாங்க. உங்களுக்கு அவசரமா கண்ணாடி தேவைப்படுது." சட்டைப் பையிலிருந்து கடையின் முகவரி அட்டையை எடுத்து நீட்டினார்.

அந்த மாதத்தில் அவர் அப்படி நடுரோட்டில் நீட்டிய மூன்றாவது அட்டை அது. இருபத்திரண்டு வருடமாகக் கண் சோதித்துக் கண்ணாடி விற்கிறவர் அவர். அவருடைய கணக்கில் உலகத்தில் இரண்டே வகை மனிதர்கள். ஒன்று கண்ணாடி போட்டவர்கள், இன்னொன்று போட வேண்டியவர்கள். ரோட்டில் எவன் குறுக்கே வந்தாலும் அவருக்கு முதலில் வருவது கோபம், அடுத்தது வைத்தியம்.

ஆனால் அக்காவுக்கு வந்தது பயம். சிறுநீரகம் இரண்டும் கைவிட்டு இரண்டு வருடமாகிறது. திங்கள், புதன், வெள்ளி என்று வாரம் மூன்று நாள் ஆஸ்பத்திரியில் நாலு மணி நேரம் படுத்து, ரத்தத்தைச் சுத்தம் செய்துகொண்டு வர வேண்டும். தம்பியின் காரில்தான் போக்குவரத்து. அன்று மாலை வீட்டு வாசலில் இறங்கியதும் அவள் தீர்மானமாகச் சொல்லிவிட்டாள்.

"இனிமே இந்தக் கார்ல நான் ஏற மாட்டேன்டா. வியாதியில போனாலும் போவேன், உன் கார்ல போக மாட்டேன்."

"என் மேல என்னக்கா தப்பு? அவனுங்க பாக்காம வர்றானுங்க."

"யார் மேல தப்புன்னு அடி பட்டப்புறம் பேசி என்ன பிரயோஜனம்?"

புதன்கிழமை பஸ்ஸில் போனாள். திரும்பும்போது தலைசுற்றி பஸ் படிக்கட்டிலேயே உட்கார்ந்துவிட்டாள். யாரோ இரண்டு பெண்கள் கைத்தாங்கலாக வீட்டில் கொண்டுவந்து விட்டார்கள். வெள்ளிக்கிழமை போகவே இல்லை. சனிக்கிழமை காலையில் அவள் முகம் உப்பிப்போயிருந்தது. செருப்பு காலுக்குள் நுழையவில்லை. நாலு வார்த்தை பேசினால் மூச்சு வாங்கியது. போனில் டாக்டரம்மா கறாராகப் பேசினார். "தண்ணிய அளந்து குடிக்கச் சொல்லுங்க. மூச்சு அதிகமா வாங்கினா உடனே தூக்கிட்டு வந்துடுங்க. எப்படியிருந்தாலும் திங்கட்கிழமை வந்தே ஆகணும். அதுவும் தவறுச்சுன்னா நான் பொறுப்பில்லை."

அக்காவின் பிடிவாதம் கண்ணாடிக்காரருக்குத் தெரியும். அவள் ஒரு தடவை மாட்டேன் என்றால் மாட்டேன்தான். வாடகைக் காரைச் சொன்னால், "உன் மேல மோத வர்றவன் அவன் மேல மட்டும் மோத மாட்டானா?" என்று ஒரே போடாகப் போட்டுவிட்டாள்.

இதற்கு நடுவே வேறொன்றும் அவர் மண்டையைக் குடைந்துகொண்டிருந்தது. வியாழக்கிழமையே அந்தப் பச்சைக் காரின் ஆள், அட்டையோடு கடைக்கு வந்திருந்தார். கண்ணாடிக்காரர் அவரை நாற்காலியில் உட்காரவைத்து, இந்தக் கண், அந்தக் கண் என்று மாற்றி மாற்றி மறைத்து, ஒரு மணி நேரம் பரிசோதித்தார். மனிதர் கடைசி வரியின் பொடி எழுத்தைப் பேப்பர் படிப்பது போல கடகடவென்று படித்துவிட்டார். பழுதே இல்லாத கண்.

"அப்புறம் ஏன்தான் என் கார் உங்களுக்குத் தெரியல?"

"அதான் சார் நானும் யோசிக்கிறேன். உங்க கார் ரோடு கலர்லயே இருக்கறதாலயோ என்னமோ."

அட! இது என்ன புதுக்கதை? கண் நன்றாக இருக்கிறது, வெளிச்சம் இருக்கிறது, கார் இருக்கிறது. இருந்தும் தெரியவில்லையென்றால் எப்படி? சின்ன வயதில் கடிகாரத்தைப் பிரித்துப் போட்டு அடிவாங்கிய மனிதர். இப்படியொரு கேள்வி உள்ளே புகுந்துவிட்டால் அவருக்குச் சோறு இறங்காது.

சனிக்கிழமை காலையிலேயே பரிசோதனையை ஆரம்பித்துவிட்டார். அவர்கள் குடியிருந்த மாடி வீட்டின் வராந்தாவில் அக்காவை நாற்காலி போட்டு உட்காரவைத்தார். கையில் ஒரு சிவப்புத் துண்டைக் கொடுத்தார்.

"தெருக் கடைசியிலருந்து ஓட்டிட்டு வர்றேன். கார் கண்ணுல பட்ட உடனே துண்ட ஆட்டு. பொய் சொல்லக் கூடாது."

"எனக்கு உடம்பு சரியில்லன்னு ஊரே கவலப்படுது. உனக்கு விளையாட்டா இருக்கா?" என்று முணுமுணுத்தாலும் துண்டை வாங்கிக்கொண்டாள். என்ன இருந்தாலும் அதே வயிற்றில் பிறந்தவள் இல்லையா? அவளுக்கும் உள்ளுக்குள் ஆர்வம்தான்.

முதல் தடவை வெறும் கார். வீட்டிலிருந்து மூன்றாவது விளக்குக் கம்பத்துக்கு வந்தபிறகுதான் துண்டு ஆடியது. இரண்டாவது தடவை ஹெட்லைட்டைப் போட்டுக்கொண்டு வந்தார். எட்டாவது கம்பத்திலேயே துண்டு ஆடிவிட்டது. நம்பாமல் இன்னும் இரண்டு தடவை போய்வந்தார். அதே மூன்று, அதே எட்டு.

மாடிப்படியில் இரண்டிரண்டாகத் தாவி ஏறி வந்தார். "அக்கா! பட்டப்பகல்ல விளக்கு! வழி பாக்கறதுக்கு இல்லக்கா, நாம வர்றோம்னு சொல்றதுக்கு!"

"அப்ப எப்பவும் லைட்டப் போட்டுட்டே ஓட்டேன்."

"அணைக்க மறந்துடுவேனே. போன வருஷம் ரெண்டு தடவ பேட்டரி படுத்துடுச்சு."

அன்று மத்தியானமே மெக்கானிக் ஷெட் வரிசையில் இருக்கும் வயரிங்காரரிடம் காரைக் கொண்டுபோய் நிறுத்தினார். வயரிங்காரர் விஷயத்தைக் கேட்டுவிட்டுச் சிரித்தார்.

"இதுக்குத்தான் சார் டி.ஆர்.எல்.னு பகல் விளக்கு இருக்கு. புதுக் கார்ல கம்பெனியே வச்சுக் குடுத்துடறான். உங்களுது பதினெட்டு வருஷத்து வண்டி. நாம தனியா மாட்டணும். சாவியத் திருப்பினா எரியும், வண்டிய அணைச்சா அணையும். நீங்க சுவிட்சே தொட வேண்டாம்."

சொல்லப்போனால் அந்த மத்தியானம் கண்ணாடிக்காரருக்குத் திருவிழா. வயரிங்காரர் முன் பம்பரைக் கழற்ற, இவர் குனிந்து பார்த்துக்கொண்டே கேள்வி மேல் கேள்வியாகத் தொடுத்தார். இந்த வயர் எங்கே போகிறது? ஃபியூஸ் பெட்டியில் ஏன் இந்த இடத்தில் சொருகுகிறீர்கள்? ஹெட்லைட் போட்டால் இது ஏன் தானாக மங்குகிறது? எதிரே வருகிறவனுக்குக் கண் கூசுமா? எதிரே வருகிறவனுக்கு எத்தனை தூரத்தில் தெரியும்? வயரிங்காரர் பொறுமைசாலி. மொறுமொறுத்துப்போன பழைய வயர்களை ஒடியாமல் விலக்கிக்கொண்டே எல்லாவற்றுக்கும் பதில் சொன்னார். கேட்ட கேள்வி முப்பதும் முன்பக்கத்தைப் பற்றித்தான். பின்பக்கத்தைப் பற்றி ஒன்றுகூட இல்லை.

கடைசியில் சாவியைக் கொடுக்கும்போது வயரிங்காரர், "மழை, பனின்னா மட்டும் மறக்காம ஹெட்லைட்டப் போட்டுடுங்க சார்" என்றார். கண்ணாடிக்காரர் "சரி சரி" என்றார். அவர் அப்போது எதிர்க்கடைக் கண்ணாடியில் தன் காரின் இரண்டு வெள்ளை விளக்குகளைப் பார்த்து மயங்கிக்கொண்டிருந்தார்.

ஞாயிற்றுக்கிழமை மறுபடி மாடி, மறுபடி துண்டு. ஒன்பதாவது கம்பத்திலேயே தெரிந்துவிட்டது. அக்கா துண்டை மடித்து வைத்தாள்.

"சரி, வர்றேன். ஆனா ஒண்ணு. இன்னொரு தடவ எவனாவது மோத வந்தான்னா, இந்த ஜென்மத்துல உன் கார்ல ஏற மாட்டேன். ஆஸ்பத்திரியும் வேண்டாம், ஒண்ணும் வேண்டாம்."

திங்கட்கிழமை காலை வானம் பொத்துக்கொண்டது. ஒன்பது மணிக்கே அந்தி சாய்ந்தது போல இருட்டு. வைப்பர் இந்தப் பக்கம் போவதற்குள் அந்தப் பக்கம் மறைந்தது. முன்பெல்லாம் இப்படி மழை பிடித்தால், முன்னே போகும் வண்டியின் முதுகில் வெளிச்சம் விழவில்லையே என்று பார்த்து ஹெட்லைட்டைப் போடுவார். இன்றைக்கு முன்னே போகும் வண்டியின் ஈர முதுகில் இரண்டு வெள்ளைப் புள்ளிகள் பளிச்சென்று தெரிந்தன. விளக்கு எரிகிறது என்று நிம்மதியாக ஓட்டினார். அக்காவும் ஜன்னலோரம் சாய்ந்து, "பரவால்லடா, ஒருத்தனும் குறுக்க வரல" என்றாள்.

ரயில்வே கேட் மூடியிருந்தது. வரிசையின் கடைசியில் நிறுத்தினார். ஹேண்ட் பிரேக்கை இழுத்துவிட்டு, பிரேக்கிலிருந்து காலை எடுத்து, சோம்பல் முறித்தார்.

கிறீச்சென்று ஒரு சத்தம். திரும்பிப் பார்ப்பதற்குள் பின் கண்ணாடி முழுக்க ஒரு வேனின் முகம். ரொட்டி கொண்டுபோகும் வேன். வழுக்கிக்கொண்டே வந்து ஒரு சாண் இடைவெளியில் நின்றது. அக்கா கையால் முகத்தை மூடிக்கொண்டு கத்தினாள்.

கண்ணாடிக்காரருக்குத் தலைக்கு ஏறிவிட்டது. மழையோடு மழையாக இறங்கினார். விளக்கும் மாட்டியாகிவிட்டதே! இனியும் தெரியவில்லையென்றால் அது அவன் கண் குற்றமில்லாமல் வேறென்ன?

"யோவ், கண்ணு இருக்கா இல்லையா? உள்ள நோயாளி உக்காந்திருக்காங்க தெரியுமா?" கை தானாகச் சட்டைப் பைக்குப் போனது.

வேன்காரர் எட்டிப் பக்கத்து சீட்டின் கதவைத் திறந்துவிட்டார். அப்புறம், "சார், நீங்க இந்தப் பக்கம் ஏறுங்க" என்றார்.

"எதுக்கு?"

"கேட் திறக்க நேரமாகும். ஒரு நிமிஷம் ஏறுங்க சார்."

ஏறினார். ஏன் எதற்கு என்று தெரிந்துகொள்ளாமல் இருக்க அவரால் முடியாது என்பதால் ஏறினார் என்றும் சொல்லலாம். பின்னால் வேறு வண்டி இல்லை. வேன்காரர் மெதுவாகப் பின்னால் எடுத்து, ஐம்பது அடி தள்ளி நிறுத்தினார்.

"இப்ப பாருங்க. உங்க கார் எங்க இருக்கு?"

கண்ணாடிக்காரர் கண்ணாடியைத் துடைத்துப் போட்டுக்கொண்டு பார்த்தார். வைப்பர் போய்வந்தது. சாம்பல் வானம், சாம்பல் மழை, சாம்பல் ரோடு. அதற்கு அப்பால் லாரி ஒன்றின் சிவப்பு விளக்குகள். லாரிக்கும் இவர்களுக்கும் நடுவே ஒன்றுமே இல்லாதது போல இருந்தது. கண்ணை இடுக்கிப் பார்த்தபோது, அந்தரத்தில் வெளுப்பாக ஏதோ தெரிந்தது. பின் கண்ணாடியில் திரும்பிப் பார்த்துக்கொண்டிருந்த அக்காவின் முகம்.

அந்த ஒரு முகம்தான் தெரிந்தது. அதைச் சுற்றி இருந்த கார், பதினெட்டு வருடமாக அவர் ஓட்டிய கார், அவருடைய கண்ணுக்கே தெரியவில்லை.

"லாரி முதுகுல உங்க வெள்ளை வெளிச்சம் விழுது பாருங்க, முன்னாடி மட்டும்தான் சார் உங்களுக்கு எரியுது," என்றார் வேன்காரர். "பின்னாடி இருட்டு. ஹெட்லைட் சுவிட்சப் போட்டாதான் பின்னாடி சிவப்பு எரியும். பகல் விளக்கு மாட்டினவங்க பாதிப் பேரு இப்படித்தான் போறாங்க. நான் ரெண்டு புள்ளக்காரன் சார். அந்தம்மாவுக்கு ஏதாச்சும் ஆயிருந்தா நான் எப்படி உயிரோட இருப்பேன்?"

கண்ணாடிக்காரர் வேன்காரரின் கையைப் பிடித்துக்கொண்டார். "மன்னிச்சுக்குங்க. உங்க கண்ணுல ஒரு குறையும் இல்ல. குறை எங்கிட்ட."

திரும்பி ஓடிப்போய்க் காரில் ஏறினார். அக்கா கதவைத் திறந்து ஒரு காலை வெளியே வைத்திருந்தாள். மழை அவள் வீங்கிய பாதத்தில் விழுந்துகொண்டிருந்தது.

"நான் வரல. இறங்கிக்கறேன்."

"இறங்கு அக்கா. உன்ன நான் கெஞ்சப் போறதில்ல. ஆனா அதுக்கு முன்னாடி ஒண்ணு கேட்டுக்கோ." அவர் ஹெட்லைட் சுவிட்சைத் திருகினார். பின்னால் நின்ற வேனின் முகப்பில் சிவப்பு வெளிச்சம் படர்ந்தது. ஜன்னல் வழியாகக் கையை நீட்டி, "இப்ப நல்லா தெரியுது சார்!" என்று கத்தினார் வேன்காரர்.

"கேட்டியா? இருபத்திரண்டு வருஷமா ஊர்க்காரன் கண்ணையெல்லாம் சோதிச்சேன். நான் அவங்க கண்ணுக்குத் தெரியறேனான்னு ஒரு நாள்கூட சோதிக்கல. அப்புறம் சோதிச்சேன், அதுலயும் எனக்கு எதிர்ல வர்றவன மட்டும் நெனச்சேன். பின்னாடி வர்றவனும் மனுஷன்தான்னு தோணல. ரோட்டுல எனக்கு வழி தெரிஞ்சா போதும்னு நினைக்கிறது தப்புக்கா. முன்னாடி, பின்னாடி, பக்கத்துல வர்ற எல்லாருக்கும் நம்ம வண்டி தெரியணும். தெரிய வைக்க வேண்டியது நம்ம பொறுப்பு. அத செய்யாம அடுத்தவன் கண்ணக் குத்தம் சொன்னேன் பாரு, அதுதான் என் குருட்டுத்தனம்."

ரயில் தடதடவென்று கடந்து போனது. கேட் மேலே எழும்பியது. லாரி நகர்ந்தது. கண்ணாடிக்காரர் காரை எடுக்காமல் காத்திருந்தார்.

"உன்ன ஆஸ்பத்திரில விட்டுட்டு நேரா வயரிங்காரர்ட்ட போறேன். சாவியத் திருப்பினா பின்னாடியும் சேந்து எரியற மாதிரி பண்ணச் சொல்றேன். அவர் விளக்கு மாட்டற எல்லா வண்டிக்கும் அப்படியே பண்ணணும்னு சொல்றேன்" என்றார் தாழ்ந்த குரலில்.

அக்கா நனைந்த காலை மெல்ல உள்ளே இழுத்துக் கதவைச் சாத்தினாள்.

"பண்ணிட்டு, சாயங்காலம் என்னக் கூப்பிட வரும்போது ஆஸ்பத்திரி வாசல்ல முதுகக் காட்டி நிறுத்து. நான் பாத்துட்டுத்தான் ஏறுவேன்" என்றாள். "இப்ப கிளம்பு. மூணு நாளா மூச்சே விட முடியலடா."