மொய்க்கு ஏது தடை உத்தரவு

மொய் விருந்தில் விழுந்த நாற்பது லட்சத்தைச் சாக்கில் கட்டி வீட்டிலேயே வைக்கலாம் என்றுதான் வைரக்கண்ணு சொன்னார். பாங்கில் போட்டால்தான் பத்திரம் என்று சண்டை பிடித்தவள் மகள் சுகப்பிரியா. அந்த வீட்டில் முதன்முதலாகக் காலேஜ் போனவள், பி.காம். அவள் சொன்னால் கேட்கத்தானே வேண்டும்.

வரி ஆபீஸ் அதை வருமானம் என்றது. இது திருப்பிச் செய்யவேண்டிய பணம், ஊருக்கே தெரியும் என்று அவள் பதில் எழுதினாள். கொடுத்த எண்ணூறு பேரின் பான் நம்பரைக் கேட்டார்கள். மொய் நோட்டில் இருந்ததோ 'கீழத்தெரு ஓட்டைப்பல்லு மருமகன், ஐயாயிரம்' என்கிற ரகம். கணக்கில் வராத பணம் என்று முக்கால் பங்குக்கு மேல் வரி போட்டு, முப்பத்தோரு லட்சம் கட்டச் சொல்லி உத்தரவு வந்தது. அப்பீல் போட்டார்கள். அப்பீல் போட்டால் வசூல் தானாக நின்றுவிடும் என்று வீட்டில் எல்லோரும் நம்பினார்கள். படித்த அவளும்தான்.

ஆடி பிறந்த வாரம் கணக்கை முடக்கினார்கள். வீடு கட்டியது, போர் போட்டது, திருப்பிச் செய்தது எல்லாம் போக அதில் மிச்சம் ஆறு லட்சம். இந்த ஆடியில் செய்யவேண்டிய மொய்க்கு அதை விட்டால் வேறு வழியில்லை.

வரி அதிகாரி நிமிராமலே பேசினார்.

"அப்பீல் வேற, வசூல் வேறம்மா. நிறுத்தி வைங்கன்னு தனியா மனு குடுக்கணும். ஆடிட்டர் சொல்லலையா?"

"சொல்லல சார். பதினஞ்சாயிரம் மட்டும் வாங்கிக்கிட்டாரு."

"குடுத்துட்டுப் போங்க. பாப்போம்."

பன்னிரண்டு நாள் பார்த்தார். அப்பீல் முடியும்வரை வசூல் நிறுத்திவைக்கப்படுகிறது என்று உத்தரவு வந்தது. அதை எடுத்துக்கொண்டு பாங்குக்கு ஓடினாள். மேனேஜர் திரையைத் திருப்பிக் காட்டினார். உத்தரவு வருவதற்கு முந்தின திங்கட்கிழமையே மொத்தமும் வரி ஆபீசுக்குப் போயிருந்தது. இருப்பு நூற்றுப் பதினேழு ரூபாய்.

"அப்பீல் ஜெயிச்சா திரும்பி வரும்மா."

"எப்ப சார் முடியும்?"

"எங்க மச்சானோடது ஏழு வருசமா ஓடுது."

அடைக்கலம் வீட்டு விருந்துக்கு வைரக்கண்ணு போகவில்லை. பாயில் சுவரைப் பார்த்துப் படுத்துக்கொண்டார். அடைக்கலம் அவருக்குச் செய்தது இரண்டு லட்சம். சுகப்பிரியா போனாள்.

"அப்பா எங்க ஆயி?" என்றார் மொய் மேசையில் இருந்த அடைக்கலம்.

"வரல மாமா. பணத்த வரி ஆபீஸ் எடுத்துக்கிச்சு. இந்தாங்க உத்தரவு. அப்பீல் முடியட்டும், வட்டியோட குடுத்துடுறோம்."

அவர் பொறுமையாகப் படித்தார்.

"நல்ல பேப்பருதான். நாளைக்குச் செல்லையன் வீட்டு மொய்யில இத வைக்கலாமா?"

மொய் எழுதுகிறவர் சிரித்தார். அடைக்கலம் சிரிக்கவில்லை.

"அவன் எம்மேல கோவிச்சுக்குவான், நான் உங்கப்பன்மேல கோவிச்சுக்கணும். எந்தக் கோர்ட்டு நிறுத்தும் இத? போய்ச் சாப்புடு."

பந்தியில் உட்கார்ந்தாள். கறி விழுந்தது. வாங்கிய மொய்யைத் திருப்பிச் செய்யாதவர்களின் பெயரை மைக்கில் படித்தார்கள். மூன்றாவதாக அப்பா பெயர், ஊர்ப் பெயரோடு. எழுந்து போனால் அதற்கும் ஒரு பேச்சு வரும். சாப்பிட்டாள்.