இரண்டு வழக்கு, ஒரு நாக்கு

வழக்கு இரண்டாக இருந்தவரை சத்யபாமா நிம்மதியாக இருந்தாள்.

ஒன்று அவள் போட்டது. பின்வீட்டு மார்கிரெட்டின் மண்ணில் இருக்கும் கிணற்றில் தண்ணீர் கோர தனக்கு உரிமை உண்டு என்று. மற்றது மார்கிரெட் போட்டது. சத்யபாமாவின் முற்றம் வழியாக ரோட்டுக்கு நடக்க தனக்கு உரிமை உண்டு என்று. மகன் அபிலாஷ் கார் வாங்கியதும் முற்றத்துக்கு மதிலும் கேட்டும் வைத்துப் பூட்டினாள் சத்யபாமா. மறுநாளே கிணற்றுக் கப்பியில் பழைய மீன்வலையைச் சுற்றிக் கட்டினாள் மார்கிரெட். குளத்தூரில் கோடை தொடங்கினால் சத்யபாமாவின் சொந்தக் கிணறு உப்புக் கரிக்கும். மார்கிரெட்டின் கிணறு இல்லாமல் சோறு வேகாது.

கிணற்று வழக்கில், இரண்டு வீட்டுக்கும் நடுவே வேலியே இருந்ததில்லை, போக்கும் வரத்தும் எப்போதும் உண்டு என்று சத்யபாமா சொல்லியிருந்தாள். வழி வழக்கில், மார்கிரெட் எந்நாளும் கால்வாய்க் கரையைச் சுற்றித்தான் போவாள் என்று சொல்லியிருந்தாள். வேறு வேறு நாளில் வாய்தா. இரண்டு கதைகளும் நேருக்கு நேர் பார்த்துக்கொண்டதே இல்லை.

அப்போதுதான் அவளுடைய வக்கீல் லேகா போன் செய்தாள். இரண்டையும் சேர்த்து விசாரிக்க உத்தரவாகிவிட்டதாம். "ஒரு தடவ சொன்னா போதும் சேச்சி, அது ரெண்டு கேசுக்கும் உண்டு" என்றாள், நல்ல செய்தி சொல்வதுபோல.

நெய்யாற்றின்கரை பஸ்ஸில் மார்கிரெட் முன் சீட்டில் இருந்தாள். அவளுடைய பின்கழுத்தைப் பார்த்துக்கொண்டே போக வேண்டியதாயிற்று. கால்வாய்க் கரை பொய்யில்லை என்று சத்யபாமா தனக்குத்தானே வாதாடினாள். கணவன் பொன்னப்பன் வருஷாவருஷம் சபரிமலைக்கு மாலை போடுவான். போட்ட அன்றிலிருந்து மலை இறங்கி வரும்வரை மார்கிரெட் மீன்கூடையோடு இந்த முற்றத்தை மிதிக்கமாட்டாள். சேறு மிதித்து கரையைச் சுற்றிப் போவாள். யாரும் கேட்டுக்கொண்டதில்லை. பொன்னப்பன் அரவணைப் பாயசம் கொடுத்தனுப்பிய மறுநாள் கூடை மறுபடி முற்றம் வழியே வரும். அவளுக்கு வேறு வழி உண்டா என்று லேகா கேட்டபோது, உண்டு என்றாள் இவள். 'எந்நாளும்' என்ற சொல்லைச் சேர்த்தது லேகா. ஆனால் அதைப் படித்துப் பார்த்துத்தானே கையெழுத்துப் போட்டோம்? இந்த இடத்தில் வாதம் நின்றுவிட்டது. ஒருத்தி செய்த மரியாதையை எடுத்து அவளுக்கே தாழ்ப்பாள் செய்தாயிற்று.

கோர்ட்டு வராந்தாவில் லேகா ஒரு வழி சொல்லிக்கொடுத்தாள். நாங்கள் அங்கே போவோம், அவர்கள் இங்கே வரமாட்டார்கள் என்று சொன்னால் இரண்டு கேசிலும் நம் பேச்சு நிற்கும். கேட்க அழகாகத்தான் இருந்தது.

மார்கிரெட்டின் வக்கீல் மோகனன் குரலை உயர்த்தாத மனிதர். கூண்டில் நின்ற அவளிடம், வேலி இருந்ததா என்றார். இல்லை என்றாள். நீங்கள் கிணற்றுக்குப் போவீர்களா என்றார். போவோம் என்றாள். அப்படியானால் மார்கிரெட் மட்டும் எந்நாளும் கரையைச் சுற்றினாளா என்றார்.

லேகாவின் வாக்கியம் நாக்கு நுனியில் தயாராக இருந்தது. மார்கிரெட் தலை குனிந்து தன் செருப்பையே பார்த்துக்கொண்டிருந்தாள். கார்த்திகை மாதமெல்லாம் கரைச் சேற்றை மிதித்த கால்கள் அந்தச் செருப்பில் இருந்தன.

"எந்நாளும் இல்ல சார். எனக்க வீட்டுக்காரர் மாலை போட்டா, விரதத்துக்கு மீன்வாடை ஆகாதுன்னு அவளாட்டு சுத்திப் போவா. நாங்க சொன்னதில்ல. மத்த நாளெல்லாம் எனக்க முற்றம் வழியாக்கும் போக்கு."

லேகா பேனாவை மூடினாள். கூண்டிலிருந்து இறங்கும்போது சத்யபாமாவுக்கு உடம்பு லேசாக இருந்தது. மூன்றாவது படியில் அபிலாஷின் கார் நினைவு வந்தது.

திரும்பும் பஸ்ஸில் மார்கிரெட் பக்கத்தில் வந்து உட்கார்ந்தாள். உச்சக்கடை ஸ்டாப் நெருங்கியபோது அவள்தான் பேச்செடுத்தாள்.

"அடுத்த வாய்தா எனக்காக்கும், சத்தியாக்கா. வலைய கெட்டினது நான்தான்னு சொல்லுவேன். நீ தண்ணி கோருனதையும் சொல்லுவேன்."

"சொல்லு."

"இங்க இறங்கி ஒரு கயிறு வாங்கு. கிணத்துல உள்ளது இத்துப் போச்சு."

சத்யபாமா பர்ஸைத் தடவினாள். "கேட்டைத் திறந்தா அபிலாஷ் கார எங்க பிள்ளே போடுவான்?"

மார்கிரெட் இறங்குவதற்கு எழுந்தாள்.

"முற்றம் வழியா ஓட்டி எனக்க தெங்கு மூட்டுல போடட்டு. ஆனா தேங்கா விழுந்துன்னு மூணாவது கேசு குடுக்கப்படாது."