வேலி தாண்டி வந்த சட்டை

1

இந்தக் கதையை நான் மூளையைக் கசக்கிக் கண்டுபிடிக்கவில்லை. நான் போட்டிருக்கும் சட்டையிலிருந்து வந்தது. நீலக் கட்டம் போட்ட சட்டை. என் மாமியார் பெஸ்னா கொடுத்தார். யாருக்காகத் தைத்ததோ, அவன் இதைப் போடவில்லை. (அதற்குள் உச்சுக்கொட்டாதீர்கள். கதையே இன்னும் ஆரம்பிக்கவில்லை.)

இப்படி ஆரம்பித்தேன்:

குர்து மக்களின் நிலம் நான்கு நாடுகளாகக் கூறுபோடப்பட்டபோது

வேண்டாம். பாடப்புத்தக வாடை அடிக்கிறது. எந்தப் பாடப்புத்தகத்திலும் நாங்கள் இல்லை என்பது வேறு விஷயம்.

மறுபடியும்: எங்கள் ஊர் நுசைபின். எதிரே காமிஷ்லி. நடுவே ஒரு ரயில் தண்டவாளம், இரண்டு முள்வேலி, வேலிகளுக்கு இடையில் கண்ணிவெடி. இந்தப் பக்கம் துருக்கி, அந்தப் பக்கம் சிரியா. பெஸ்னாவின் தங்கை கஸாலை அந்தப் பக்கம் கட்டிக்கொடுத்திருந்தார்கள்.

இது போதும் என்று நினைக்கிறேன்.

2

பெருநாள் காலையில் மட்டும் சனங்களை வேலியருகே விடுவார்கள். இரண்டு பக்கமும் புத்தாடை கட்டிக்கொண்டு நின்று தொண்டை கிழியக் கத்துவார்கள். யாருக்குப் பிள்ளை பிறந்தது, யார் வீட்டு ஆடு தொலைந்தது, எல்லாம் அந்த ஒரு காலையில் சொல்லியாக வேண்டும். பொட்டலங்கள் வேலிகளுக்கு மேலே பறக்கும். அங்கிருந்து டீத்தூள், துணி. இங்கிருந்து பேரீச்சம்பழம் வைத்த ரொட்டி. கஸால் ஒவ்வொரு பெருநாளுக்கும் தன் கையால் ஒரு சட்டை தைத்து, அதில் ஒரு கல்லை வைத்துக் கட்டி, புருஷனை விட்டு எறியச் சொல்வார். தம்பிக்கு. இவர்கள் இருவருக்கும் ஒரே தம்பி.

ஒரு வருடம் குளிர்காலத்தில் தம்பி செத்துப்போனான். ஒரு கல்யாண வீட்டில் எங்கள் குர்து மொழியில் பாடினான் என்று பிடித்துப்போனார்கள். சிறையிலிருந்து பெட்டியில் வந்தான். எங்கள் பெண்கள் செய்வது போல, பெஸ்னா அத்தை தன் இரண்டு சடையையும் வெட்டி அவன் குழியில் வைத்தார். கஸாலுக்கு யாரும் சொல்லி அனுப்ப முடியவில்லை. பெருநாளுக்காகக் காத்திருந்தார்கள்.

பெருநாளும் வந்தது. ஒரு சிப்பாய் ஒலிபெருக்கியை வைத்துக்கொண்டு சொன்னான்: இனிமேல் வேலியில் துருக்கி மொழியில்தான் பேச வேண்டும், மீறினால் சிறை. அத்தைக்கு அந்த மொழியில் ஒரு சொல்கூடத் தெரியாது. கஸாலுக்கும்தான்.

3

அந்தச் சிப்பாய்மேல் எனக்குச் சந்தேகம் உண்டு. முதலில் அவனுக்குக் கொடுவாள் மீசை வைத்து, கண்ணைச் சிவப்பாக்கி எழுதியிருந்தேன். வாசித்துக் காட்டியபோது அத்தை சிரித்துவிட்டார்.

"அவனுக்கு மீசையே மொளைக்கல மாப்ளே. நீங்க எங்கேயிருந்து கொண்டாந்து ஒட்டுனீங்க?"

"கொடுமைக்காரன்தானே, அத்தை?"

"ஒலிபெருக்கியப் புடிக்கத் தெரியாம, பின்னால அதிகாரியத் திரும்பித் திரும்பிப் பாத்துக்கிட்டு நின்னான். அவனையும் யாரோ பயமுறுத்தித்தான் அனுப்பியிருப்பாங்க. அதுக்காக அவன் நல்லவன்னு எழுதிப்புடாதீங்க."

ஆக, மீசையை எடுத்துவிட்டேன். சிப்பாய் அப்படியே நிற்கிறான்.

4

அன்றைக்கு வேலியில் சத்தமே இல்லை. அத்தனை வாய்களும் மூடியிருந்தன. கோதுமைத் தூசு வெயிலில் மெல்ல மிதந்தது. இரண்டு கரையிலும் சனங்கள் தூக்கத்தில் எழுந்து வந்தவர்கள் போல நின்றார்கள்.

அத்தை தலைத்துணியை அவிழ்த்தார். அவ்வளவுதான் செய்தார். அந்தப் பக்கத்திலிருந்து கஸால் பார்த்தார். அக்காவின் தோளில் இரண்டு சடையும் இல்லை.

செத்தது யாரென்று வெட்டிய சடை சொல்லாது. கஸால் வேலியை இன்னும் நெருங்கி வந்தார். பிறகு கூப்பிட்டார்: "ஹம்ஸோ."

அவர்கள் பெரியப்பாவின் பெயர். சிப்பாய் திரும்பிப் பார்த்தான். பெயரைக் கூப்பிடுவது எந்த மொழியில் சேரும் என்று அவனுக்கே தெரியவில்லை. அத்தை தாடையை உயர்த்தினார். எங்கள் ஊரில் அதற்கு 'இல்லை' என்று அர்த்தம்: செத்தது அவர் இல்லை.

"ஃபெஹீமே." இல்லை. "எலிஃப்." இல்லை. பெரியப்பா மகள்கள், அத்தைமார், பக்கத்து வீட்டுக் கிழவர், கடைசியில் கோவேறு கழுதையின் பெயர்வரை கூப்பிட்டார். ஒவ்வொன்றுக்கும் தாடை உயர்ந்தது. இன்னும் ஒரே ஒரு பெயர்தான் பாக்கி.

5

இந்த இடத்தில் மூன்று முறை அத்தை மூன்று விதமாகச் சொன்னார். ஒரு முறை, அந்தப் பெயர் வருவதற்குள் விசில் ஊதிவிட்டார்கள் என்றார். இன்னொரு முறை, கஸால் கூப்பிட்டாள், காற்று வாரிக்கொண்டு போய்விட்டது என்றார். நான் விடவில்லை. மூன்றாம் முறை மாவு பிசைந்துகொண்டே சொன்னார்:

"அவ கூப்பிடல. கழுதைய எல்லாம் கூப்பிட்டா, அவன மட்டும் விட்டுட்டா. அதுலதான் எனக்கு வெளங்குச்சு, அவளுக்கு வெளங்கிடுச்சுன்னு."

(நானும் அந்தப் பெயரை எழுதாமல்தான் இவ்வளவு தூரம் வந்திருக்கிறேன். கவனித்தீர்களா?)

கதையை இங்கேயே முடித்திருப்பேன். நல்ல முடிவு. ஆனால் அடுத்த பெருநாளுக்கு வேலி தாண்டி ஒரு பொட்டலம் வந்து விழுந்தது. கல்லை வைத்துக் கட்டிய சட்டை. தம்பிக்கு.

6

அதற்கடுத்த பெருநாளுக்கும் வந்தது. எல்லாப் பெருநாளுக்கும் வந்தது. பேச்சுத் தடை போன பிறகும் வந்தது. அப்போதாவது சொல்லக் கூடாதா என்று கேட்டேன்.

"அவ சட்டையக் கட்டித் தூக்கிப் போடுறா, நான் என்னன்னு மாப்ளே வாயத் தொறக்குறது?"

அந்தப் பக்கம் வேறு யாராவது சொல்லியிருப்பார்கள் என்பீர்கள். சொல்லியிருக்கலாம். காதில் வாங்க வேண்டுமே.

அத்தை எல்லாவற்றையும் மடித்துப் பெட்டியில் வைத்திருக்கிறார். எல்லாம் ஒரே அளவு, ஒல்லியான பையனின் அளவு. உயிரோடு இருக்கிறவனுக்குத் தைத்தால் வருடத்துக்கு வருடம் வயிறு பெருக்கும் என்று கணக்குப் போட மாட்டார்களா? ஆகவே கஸால் சின்னத்தைக்குத் தெரிந்திருக்கிறது. இப்படித்தான் நிம்மதியாக எழுதி வைத்திருந்தேன்.

பிறகு வேலி இருந்த இடத்தில் சுவர் கட்டினார்கள். பொட்டலம் நின்றது. போன மாதம் ஊர் சுற்றி வந்த ஒருவர் கையில் கடைசியாக ஒன்று வந்து சேர்ந்தது. நீலக் கட்டம். பிரித்துப் பார்த்த அத்தை அப்படியே உட்கார்ந்துவிட்டார். நன்றாகத் தொப்பை போட்ட ஆளின் அளவு.

"அப்போ அவளுக்குத் தெரியாதா?" என்றார். என்னிடம் கேட்கவில்லை. எனக்கு அழுகை வந்துவிட்டது, மறைப்பானேன்.

யாருக்கென்று சொல்லி அனுப்பவில்லை. முன்பும் சொன்னதில்லை. எனக்கும் தொப்பை உண்டு. இப்போது போன் இருக்கிறது; சின்னத்தை அதில் என்னைப் பார்த்திருக்கிறார், தம்பி பேச்சை மட்டும் இருவரும் எடுப்பதில்லை. அத்தை கொஞ்ச நாள் சட்டையை மடியில் வைத்திருந்துவிட்டு, "போட்டுக்குங்க மாப்ளே, பூச்சி அரிச்சிடும்" என்று கொடுத்தார்.

7

இதை எழுதும்போதே போன் அடிக்கிறது. கஸால் சின்னத்தை. முகம் பார்த்துப் பேசும் அழைப்பு.

"எடுங்க மாப்ளே, என் கையெல்லாம் மாவு," என்கிறார் அத்தை அடுப்படியிலிருந்து.

எடுத்தால் சட்டையைப் பார்த்துவிடுவார்.

[எடுக்கிறேன். "உங்களுக்குத்தான் தச்சேன், புடிச்சிருக்கா?" என்று சிரிக்கிறார்.]

[எடுக்கிறேன். "அத ஏன் நீங்க போட்டிருக்கீங்க? அவன்]

இரண்டையும் அடித்துவிட்டேன். கழற்றி எறிந்துவிட்டு எடுக்கலாமென்றால், பொத்தான் அவிழவில்லை.

மணி இன்னும் அடிக்கிறது. உங்கள் மேல் இருப்பது அவர் தைத்த சட்டை இல்லையே. கொஞ்சம் எடுத்துப் பேசுங்கள். "எல்லாரும் நல்லா இருக்கீங்களா?" என்றுதான் முதலில் கேட்பார்.